இரு மெட்டு, ஒரு பாட்டு

வைட்டிலாவில் நம் குழந்தைகள் வீட்டில் தமிழும் வெளியில் மலையாளமும் பேசுகிறார்கள். எது எதை விழுங்கிவிடுமோ என்று கவலைப்படும் பெற்றோருக்கு நான் இசைஞானி இளையராஜாவைச் சொல்வதுண்டு.

பண்ணைப்புரத்து நாட்டுப்பாடலோடு சென்னை வந்தவர், தன்ராஜ் மாஸ்டரிடம் மேனாட்டு இசை கற்று, 1976-இல் 'அன்னக்கிளி'க்கு இசையமைத்தார். ஒரு மெட்டு ஒலிக்கும்போதே இன்னொரு மெட்டையும் கூடவே நடத்துவது ஜெர்மானிய மேதை பாக் கைதேர்ந்த முறை. 'கவுண்டர்பாயிண்ட்' என்பார்கள். இரண்டும் தனித்தனியே கேட்கும், ஒன்றையொன்று அமுக்காது. இளையராஜா பாடல்களில் வயலின்களைக் கவனித்துக் கேளுங்கள், புரியும்.

1986-இல் 'ஹவ் டு நேம் இட்' தொகுப்பைத் தியாகராஜருக்கும் பாக்குக்கும் காணிக்கையாக்கினார். 1997-இல் மலையாளப் படமான 'குரு'வுக்குப் புடாபெஸ்ட் சிம்பொனிக் குழு வாசித்தது. 2025 மார்ச் 8-இல் அவரது சிம்பொனி இலண்டனில் அரங்கேறியது.

நம் பிள்ளைகள் மலையாளத்தை நன்றாகவே படிக்கட்டும். தமிழ் மெட்டை வீட்டில் நாம் நிறுத்தாதிருந்தால் போதும்.