கண்ணெழுதக் கற்றல்
ஊவாத் தோட்டங்களின் காமன் கூத்தும் ரதியின் இமைகளும்

பழந்தமிழில் கண்ணுக்கு மையிடுவதை ‘எழுதுதல்’ என்றே வழங்கினர். ஏட்டில் எழுத்தாணி செய்யும் தொழிலும் இமையோரத்தில் மைக்கோல் செய்யும் தொழிலும் அவர்களுக்கு ஒரே சொல்லில் அடங்கின. வள்ளுவர் காமத்துப்பாலில் இரண்டு இடங்களில் இவ்வழக்கை ஆள்கின்றார். 1127ஆம் குறளின் தலைவி, காதலர் தன் கண்ணுக்குள்ளேயே உறைகின்றார் என்றும், மையெழுதினால் அவர் மறைந்துபோவார் என்றும் அஞ்சிக் கண்ணெழுதாமலே இருந்துவிடுகின்றாள். 1285ஆம் குறளின் தலைவியோ, மையெழுதும் வேளையில் அந்தக் கோலையே காணமாட்டாத கண்ணைப் போல, கணவனை நேரில் கண்டதும் அவன் பிழை எதையும் தான் காண்பதில்லை என்கின்றாள்.

முதலாவது குறள் காதலின் பெருமை பேசுவது. இரண்டாவதும் காதலையே பேசுகின்றது எனினும், ஒப்பனை பழக முற்படுவோருக்கு அது முதற்பாடமாகவும் அமைந்துவிடுகின்றது. தனக்குச் செய்யப்படுவதைக் கண் காணாது. இந்த ஒரு தடை இருப்பதனாலேயே கண்ணெழுதுதல் கற்றுக்கொள்ள வேண்டிய கலையாயிற்று.

இக்கலையை நம் நாட்டில் ஏட்டுக் கல்வியின்றி வழிவழியாகப் பேணி வந்தவர் யாவர் என்று வினவின், மலையகத்துத் தோட்டங்களிலே காமன் கூத்தாடும் உழைப்பாளிகளை மறவாமல் குறிப்பிடல் வேண்டும். பதுளையைச் சூழ்ந்த ஹாலி-எல, பசறை, லுணுகலை, நமுனுகுலைப் பகுதிகளாயினும், மேலே பண்டாரவளை, ஹப்புத்தளைப் பகுதிகளாயினும், வடகீழ்ப் பருவமழை ஓய்ந்து மாசி பிறந்ததும் லயங்களிலே காமன் பேச்சு எழுந்துவிடும். கோப்பிப் பயிர்க் காலந்தொட்டுத் திருச்சி, சேலம், மதுரை, இராமநாதபுரம் முதலிய மாவட்டங்களிலிருந்து வந்தவர்கள் தம் மூட்டை முடிச்சோடு கொணர்ந்த பெருஞ்செல்வம் இக்கூத்து. கம்பம் ஊன்றி, நாள்தோறும் தப்பொலி முழங்க ஆடி, ரதிக்கும் மதனுக்கும் மணம் முடித்து, இறுதியிலே மதனை எரித்து, ரதியை அழவிட்டு, மீண்டும் மதனை எழுப்பி முடிப்பர்.

கண்களின் கதை

இக்கதையைச் சற்று ஊன்றி நோக்குவோர் இது முழுவதும் கண்களைப் பற்றிய கதையே என்பதை உணர்வர். சூரபதுமன் கொடுமை தாளாத தேவர்கள், யோகத்தில் அமர்ந்த சிவபெருமானின் மூடிய கண்களைத் திறப்பிக்க வழி தேடுகின்றனர். அதற்கென ஏவப்பட்ட மன்மதன் மலர்க்கணை தொடுக்கின்றான். இரு விழிகள் திறப்பதற்கு மாறாக நெற்றிக்கண் திறக்கின்றது, எய்தவன் சாம்பலாகின்றான். ரதி கதறுகின்றாள். இறைவன் இரங்கி அவனை உயிர்ப்பிக்கின்றார். ஆயினும் ஒரு வரையறையோடு. பிறர் எவர் கண்ணுக்கும் அவன் புலப்படான். ரதியின் கண்ணுக்கு மட்டுமே உருவத்தோடு தோன்றுவான். கந்தபுராணம் கூறும் முடிவு இது. தமிழ்நாட்டிலே மயிலாடுதுறையை அடுத்த திருக்குறுக்கை, காமனை எரித்த தலமாக அட்டவீரட்டங்களுள் வைத்து எண்ணப்படுகின்றது.

எரித்ததும் ஒரு கண், அழுததும் கண், மீண்டவனைக் காணும் பேறு பெற்றதும் கண். அங்ஙனமாயின் இக்கூத்திலே ரதியின் கண்ணை எழுதுவது வெறும் அலங்காரமாதல் எங்ஙனம்? கூட்டத்தின் கடைசி வரிசையில் கம்பளியைப் போர்த்தி நிற்கும் கிழவிக்கும் அந்தக் கண் தெரிந்தாக வேண்டும். அது தெரியாவிடின் ரதியின் துயரமும் அவளுக்குத் தெரியாது.

தொடக்கப் பாடங்கள்

பெண் வேடத்தையும் ஆண்களே தரிப்பது இக்கூத்தின் மரபு. முந்திய நாள் வரை மலையில் கவ்வாத்துக் கத்தி பிடித்த இளைஞன் இன்று ரதியாக வேண்டும். கை உரமேறியது, இமையோ உடலிலுள்ள தோலனைத்தினும் மெல்லியது. ஆகவே முதலிற் பழக வேண்டியது கையை இலேசாக்கும் வித்தை. நடுவிரலையோ மோதிர விரலையோ கொண்டு தடவுவோருக்கு இது விரைவிலே கைவரும்; சுட்டுவிரலை அறியாமலே அழுத்திவிடுவது மனித இயல்பு.

இரண்டாவது பாடம் கண்ணாடியைப் பற்றியது. பழகாதவர் கண்ணாடியை முகத்துக்கு நேரே பிடித்து, ஒரு கண்ணை இறுக மூடி, மற்றொரு கண்ணால் பார்க்க முயல்வர். இறுக மூடிய இமை சுருங்கும்; சுருக்கத்தின் மேல் இட்ட வண்ணம் கண்ணைத் திறந்ததும் கோடு கோடாய்ப் பிளக்கும். கண்ணாடியை மோவாய்க்குக் கீழே தாழ்த்திப் பிடித்து, தலையை நிமிர்த்தி, பார்வையை மட்டும் தாழ்த்துவதே முறை. அப்பொழுது இமை தானே விரிந்து மென்மையாய் நிற்கும். பார்வையும் அறவே மறைவதில்லை. வள்ளுவர் கண்ட தடையை முழுதும் நீக்க இயலாது; பாதியேனும் நீக்கலாம்.

மூன்றாவது பாடம் வரிசை. முகத்தைக் கழுவித் துடைத்து, தேங்காயெண்ணெயை உள்ளங்கையில் தேய்த்து மிக மெல்லியதாகத் தடவுவர். எண்ணெய் மிகுந்தால் மை வழியும். குறைந்தால் பொடி திட்டுத் திட்டாய் நிற்கும். முகத்தின் அடிவண்ணம் உலர்ந்தபின் இமை முழுவதும் வெளிர்நிறம். அதன்மேல், கண் திறந்திருக்கும்போது இமை மடியும் குழியிலே சற்று அடர்ந்த நிறம். கடைக்கண்ணிலே எல்லாவற்றினும் கருமை. வெளிர்நிறத்தை மேன்மேலும் அடர்த்தியாக்கலாம். அடர்ந்ததை வெளிறச் செய்தல் அரிது. ஆதலின் சிறிது சிறிதாகச் சேர்த்தலே அறிவுடைமை. ஒரு நிறம் முடிந்து மற்றொன்று தொடங்கும் எல்லை கண்ணுக்குப் புலப்படாதவாறு உலர்ந்த தூரிகையால் கலைத்துவிடல் வேண்டும். மாலை வானில் செம்மை எங்கே முடிந்தது, கருமை எங்கே தொடங்கியது என்று எவரும் கோடிட்டுக் காட்ட இயலாதன்றோ? இமையும் அவ்வாறே அமைதல் வேண்டும். ஈற்றிலே இமை மயிரோரமாகக் கரிய மைக்கோடு. அது கடைக்கண்ணைத் தாண்டிப் பொட்டை நோக்கிச் சற்றே நீளும்.

ஒரு கண்ணை முழுவதும் முடித்துவிட்டு மறு கண்ணைத் தொடங்குவது கற்போர் பலரிடமும் காணும் பழக்கம். இரண்டும் ஒத்திருப்பதில்லை. வலக்கண்ணில் ஒரு படி, இடக்கண்ணில் அதே படி என மாறி மாறி ஏறுவதே நலம். முடிந்தபின் இருபதடி தள்ளி நிற்பவர் ஒருவரைப் பார்க்கச் சொல்ல வேண்டும். அதுவும் ஆட்டம் நடக்கவிருக்கும் விளக்கொளியிலேயே பார்க்கச் சொல்ல வேண்டும். தீப்பந்தமும் பெட்ரோமாக்ஸும் எரிந்த நாள்களில், அசையும் ஒளியிலே கண் குழிந்து மறையாதிருக்கக் கோடு தடிப்பாக வேண்டியிருந்தது. இன்றைய மின்விளக்கின் முன்னும் கைபேசியின் படக்கருவி முன்னும் அதே தடிப்பு முரடாய்த் தோன்றும். ஒளி மாறினால் எழுத்தும் மாற வேண்டும்.

வண்ணங்களின் வரலாறு

‘அரிதாரம் பூசுதல்’ என்றாலே நடிப்பு எனத் தமிழர் பொருள் கொண்டுவிட்டனர். ஆயினும் அரிதாரம் என்பது மஞ்சள் நிறக் கனிமம், ஆர்சனிக்கும் கந்தகமும் சேர்ந்தது, நஞ்சு. சிவப்புக்கு ஆண்ட சாதிலிங்கம் பாதரசமும் கந்தகமும் கூடியது. அஞ்சனக் கற்களிலும் சுர்மாக்களிலும் பெரும்பாலும் ஈயம் கலந்திருக்கும். பண்டை எகிப்தியர் கண்ணிமைக்கு மலக்கைட்டு என்னும் செம்புக் கனிமத்தின் பச்சையையும், ஈயக் கனிமத்தின் கருமையையும் கல்தட்டுகளில் அரைத்துத் தீட்டினர். அழகும் நஞ்சும் ஒரே கிண்ணத்தில் குழைக்கப்பட்ட வரலாறு உலகெங்கும் உண்டு. கேரளத்துக் கதகளி நடிகர் கண்களைச் சிவக்க வைக்கச் சுண்டப்பூ என்னும் செடியின் சிறு விதையை இமைக்குள் இடுவர். கலைக்காகக் கண் இத்தனையும் பொறுத்திருக்கின்றது.

இன்று பொறுக்க வேண்டிய கட்டாயம் இல்லை. பதுளைக் கடைவீதியில் ‘ஐ ஷேடோ’ என்ற பெயரில் விற்கும் இமைப்பொடியின் உட்பொருள்களைக் கண்டால் நம்மவர் வியப்பர். அதன் பளபளப்பு பெரும்பாலும் அப்பிரகத்தினால் வருவது; நம் முன்னோர் காக்கைப்பொன் என்று அழைத்த அதே கனிமம். அதன் சிவப்பும் பழுப்பும் மஞ்சளும் இரும்பு ஒட்சைட்டுகள். காவிக்கல்லுக்கும் செம்மண்ணுக்கும் நிறம் தருவது எதுவோ அதுவே. வெண்மை துத்தநாகத்தினின்றோ டைட்டானியத்தினின்றோ பெறப்படுவது. மையைப் பொறுத்தவரை, விளக்கெண்ணெயில் எரியும் திரியின்மேல் பித்தளைத் தட்டைக் கவிழ்த்துப் படிந்த கரியை எண்ணெயிற் குழைக்கும் பாட்டிமாரின் முறையில் ஈயத்துக்கு இடமில்லை. எதனால் ஆயது என்று எழுதப்படாத சுர்மாவையோ பழைய அரிதாரக் கட்டியையோ கண்ணருகே கொண்டுசெல்லுதல் கூடாது. அமெரிக்க உணவு மருந்து நிருவாகம் ஈயம் கலந்த கண்மைகளைப் பற்றி எச்சரித்துள்ளது. சிறு பிள்ளைகளின் மூளை வளர்ச்சிக்கு ஈயம் பெருங்கேடு.

கூத்துக்கொட்டகைக்கு வேறு சில எச்சரிக்கைகளும் உரியன. மினுக்கத்துக்காக ஆடையில் ஒட்டும் ஜிகினாத் தூளை இமையில் தூவுதல் கூடாது; கருவிழியைக் கீறிவிடும். பத்துப் பேருக்கு ஒரே மைக்கோல் என்பதும் ஆகாது. ஒருவர் கண்நோய் விடியுமுன் பத்து லயங்களுக்குப் பரவும். ஈர்க்கின் முனையில் ஆளுக்கொரு பஞ்சு சுற்றிக்கொண்டாலே இக்கேடு நீங்கும். ஆட்டம் முடிந்த களைப்பில் ஒப்பனையோடு உறங்குதல் அறவே தவறு. தேங்காயெண்ணெயில் நனைத்த பஞ்சை மூடிய இமைமேல் சிறிது நேரம் வைத்து, தேய்க்காமல் கீழ்நோக்கித் துடைத்தெடுத்தல் வேண்டும்.

அழிக்கவும் கற்றல்

ரதிக்குக் கண்ணெழுதுபவன் தன் எழுத்து அழியப் போவதை அறிந்தே எழுதுகின்றான். மணக்கோலத்தில் வந்தவள் சில நாழிகைக்குள் கணவனை இழந்து புலம்ப வேண்டும். சிலப்பதிகாரத்தில் கோவலன் பிரிந்த பின்னர்க் கண்ணகியின் கண்கள் அஞ்சனத்தை மறந்துவிட்டன என்று இளங்கோ காட்டுவார். மையெழுதிய கண் மகிழ்ச்சிக்கு அடையாளமாயின், எழுதாத கண் துயருக்கு அடையாளம். தமிழ்ப் பெண்ணின் இமை இரு நிலையிலும் பேசியிருக்கின்றது.

காமன் கூத்தின் ரதிக்கோ மையை மறக்க அவகாசம் இல்லை. எழுதிய மையோடு அழ வேண்டும். இங்கேதான் கற்றவனுக்கும் கல்லாதவனுக்கும் வேறுபாடு தெரிகின்றது. கீழிமையில் மையை அள்ளி அப்பியவனின் முகம், முதற்கண்ணீரிலேயே கன்னம் கறுத்து நகைப்புக்கிடமாகும். மேலிமையைச் செறிவாகவும் கீழிமையை மெல்லியதாகவும் எழுதி, மேலே உலர்ந்த பொடியை ஒற்றியவனின் முகத்தில் கண்ணீர் ஓடினாலும் கண்ணின் வடிவம் குலைவதில்லை. கூட்டம் சிரிப்பதும் அழுவதும் ஓர் இழை மையில் தங்கியிருக்கின்றது என்றால் மிகையன்று.

யார் கற்பது?

எழுதப்படாத கலைக்கு எழுதத் தெரிந்த கையே ஏடு. 1964 அக்டோபர் 30இல் கையெழுத்தான சிறிமா – சாஸ்திரி உடன்படிக்கை 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என எண்ணிப் பிரித்தது. எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் பாதிப்பாதியாகப் பங்கிட்டன. தலைமன்னாரில் கப்பலேறிய குடும்பங்களோடு உறவுகள் மட்டுமா பிரிந்தன? பாடத் தெரிந்தவன் ஒரு கரையிலும், அவனுக்குத் தப்படித்தவன் மறு கரையிலுமாகக் கூத்துகளும் பிரிந்தன. மிஞ்சியோர் மிஞ்சியதை வைத்து ஆடினர்; இன்றும் ஆடுகின்றனர். ஊவாக்கட்டவளைத் தோட்டத்திலே பிறந்து, 2022இல் மறைந்த தெளிவத்தை ஜோசப் போன்றோர் இம்மக்களின் வாழ்வை எழுத்தில் நிலைநிறுத்தினர். இமைமேல் எழுதப்படும் எழுத்தை நிலைநிறுத்துவது யார் பொறுப்பு?

ஆசிரியர்களை நோக்கியே இவ்வினாவை வைக்கின்றோம். பதுளை மாவட்டத்துத் தமிழ்ப் பாடசாலைகளில் தமிழ்த்தினப் போட்டிக்கு நாடகம் பழக்கும்போது ஒப்பனையை நகரத்து ஒப்பனையாளரிடம் விட்டுவிடுவது எளிது. அந்த ஒரு பிற்பகலை மட்டும் தோட்டத்தில் கூத்துப் பழக்கும் மாஸ்டர் ஒருவரிடம் ஒப்படைத்துப் பார்த்தால் என்ன? அவர் வரிசை சொல்வார். அறிவியலாசிரியர் வண்ணத்தின் வேதியியல் சொல்வார். தமிழாசிரியர் 1285ஆம் குறளைச் சொல்வார். ஒரு கண்ணிமையில் மூன்று பாடங்கள் சந்திக்கும்.

அப்பாடத்தில் மாணவியரும் அமர வேண்டும் என்பது எம் விருப்பம். ரதியாக ஆடும் உரிமையை மரபு அவர்களுக்குத் தரவில்லை. ஆனால் நாள் முழுதும் இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகத் தேர்ந்து கிள்ளும் விரல்களின் நுட்பம் அவர்கள் தாய்மாருடையது. கொழுந்துக் கறை படிந்த அவ்விரல்கள் மெல்லியதை நோகாமல் தொடுவதை எவரிடமும் கற்க வேண்டியதில்லை. அந்த நுட்பம் மகளின் கையில் மைக்கோலாக மாறுமாயின், மரபுக்கு ஒரு குறையும் வாராது. ரதிக்கு முதன்முறையாக ஒரு பெண் கண்ணெழுதிவிட்டாள் என்ற நிறைவே எஞ்சும்.