அரை சென்ட் நிலமும் ஆறு மாதக் கெடுவும்

ஒரு சென்ட் என்பது 435.6 சதுர அடி. அதில் பாதிக்காகவும், ஒரு வரப்புக்காகவும், வீட்டுக்குப் பின்னால் கிடக்கும் சந்துக்காகவும் நம் முன்சீஃப் கோர்ட்டுகளில் வழக்குகள் வருடக்கணக்கில் நடக்கின்றன. போட்டவர் இறந்து, பிள்ளைகள் வாரிசுகளாகச் சேர்ந்து, நிலத்தின் விலையைவிட வக்கீல் ஃபீஸ் கூடிப்போன வழக்குகளும் உண்டு. உரிமையே இல்லாமல் தோற்றால் வருந்த ஒன்றுமில்லை. உரிமை இருந்தும், சரியான நேரத்தில் சரியானதைக் கேட்காமல் தோற்பதுதான் தாங்க முடியாதது.

"பட்டா என் பேரில் இருக்கு, யாரும் அசைக்க முடியாது" என்ற நம்பிக்கையில்தான் பலர் சறுக்குகிறார்கள். பட்டா வருவாய்த்துறையின் பதிவு; அதில் பெயர் ஏறியதாலேயே யாரும் உரிமையாளர் ஆகிவிடுவதில்லை என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. கிரையம், பாகப்பிரிவினை, செட்டில்மென்ட், உயில், வாரிசுரிமை ஆகியவற்றின் வழியாகத்தான் உரிமை வருகிறது. 1979 முதல் 1987 வரை நடந்த யுடிஆர் என்ற நிலப் பதிவேடு புதுப்பிப்புப் பணியில் பெயரும் பரப்பும் மாறிப்போய், இன்றுவரை திருத்தப்படாத பட்டாக்கள் ஏராளம். அதற்காகப் பட்டாவை ஒதுக்கிவிடவும் கூடாது. நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று காட்ட அதுவும் தீர்வை ரசீதும் உதவும். தவறான பட்டா உத்தரவு வந்தால் தாசில்தாருக்கு மேல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் செய்யலாம். ஆனால் உண்மையான சண்டை உரிமையைப் பற்றியது என்றால் அதை முடிவாகத் தீர்க்கும் அதிகாரம் சிவில் கோர்ட்டுக்கே உண்டு. தாலுகா அலுவலகப் படியேறிக்கொண்டே மூன்று வருடத்தை விடுகிறவர்களைப் பார்க்கும்போது மனசு பதைக்கிறது. உரிமையை விளம்புகை செய்யக் கோரும் வழக்குக்குக் காலவரையறையே பொதுவாக மூன்று வருடம்தான். உங்கள் உரிமையை எதிராளி தெளிவாக மறுத்த நாளிலிருந்து அது ஓடத் தொடங்கிவிடும். உரிமையின் அடிப்படையில் சுவாதீனத்தைத் திரும்பக் கேட்க 12 வருடம் உண்டு.

இதைவிட முக்கியமான ஒரு கெடு பலருக்கும் தெரிவதில்லை. 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வுச் சட்டம், பிரிவு 6. உங்கள் அனுபவத்தில் இருந்த இடத்தை ஒருவர் சட்டப்படியல்லாமல் பிடுங்கி வேலி போட்டுவிட்டால், ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு இடத்தைத் திரும்பப் பெறலாம். அந்த வழக்கில் நீங்கள் உரிமையை நிரூபிக்க வேண்டியதில்லை. நேற்றுவரை அனுபவித்தேன், என் சம்மதமில்லாமல் வெளியேற்றினார்கள் என்று காட்டினால் போதும். பிடுங்கியவர் தானே சொந்தக்காரர் என்று சொன்னாலும் அது தடையாகாது. அவர் தனியாக உரிமை வழக்குப் போட்டுக்கொள்ளட்டும். அரசுக்கு எதிராக மட்டும் இந்தப் பிரிவு செல்லாது. மூலப் பத்திரம் தொலைந்துபோன ஏழைக் குடும்பத்துக்கு இதைவிடப் பெரிய துணை இல்லை. அதனால் வேலி முளைத்த அன்றே போட்டோ எடுங்கள், காவல் நிலையத்தில் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். நிலம் யாருடையது என்று போலீஸ் தீர்ப்புச் சொல்ல முடியாது. ஆனால் எந்தத் தேதியில் சம்பவம் நடந்தது என்பதற்கு அந்த ரசீது ஆதாரம்.

எல்லைத் தகராறு என்றால் கோர்ட்டுக்கு முன் சர்வேயர். புல வரைபடத்தை வாங்கி, அளந்து அத்துக் காட்டக் கோரி மனுப் போடுங்கள். கூடவே இரு தரப்புப் பத்திரங்களையும் ஒப்பிட்டுப் பாருங்கள். பத்திரத்தில் எழுதிய பரப்பும் நான்கெல்லையும் முரண்பட்டால், பொதுவாக நான்கெல்லைக்குத்தான் மதிப்பு அதிகம். "எனக்கு நாலு சென்ட் எழுதியிருக்கு" என்று நிற்பவருக்கு எல்லைக்குள் மூன்றே முக்கால்தான் இருந்தால், மீதியைப் பக்கத்து வீட்டிலிருந்து எடுக்க வழியில்லை.

வழக்கு என்று முடிவானால், என்ன பரிகாரம் கேட்கிறோம் என்பதில் கவனம் வேண்டும். செலவு குறையும் என்று தடையுத்தரவு மட்டும் கேட்டு மனுப் போடும் பழக்கம் இருக்கிறது. உரிமையே கேள்விக்குள்ளாகி இருக்கும்போது அது போதாது, விளம்புகையும் சேர்த்துக் கேட்க வேண்டும் என்று 2008இல் அனதுல சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. இடம் எதிராளி கையில் இருந்தால் சுவாதீனமும் கேட்க வேண்டும். எல்லையில்தான் சிக்கல் என்றால், சர்வேயரோடு வக்கீல் கமிஷனரை அனுப்பிப் பார்வையிட மனுப் போடலாம். எதிராளியாகச் சம்மன் வந்தால் கட்டாயம் ஆஜராகுங்கள். ஒருதலைப்பட்சத் தீர்ப்பாகிவிட்டால், அதை ரத்து செய்யக் கேட்க 30 நாள்தான் அவகாசம். வழக்கு நடக்கும் நிலத்தை யாராவது மலிவாக விற்க வந்தால் வாங்காதீர்கள். வழக்கின் முடிவு நிலத்தை வாங்கியவரையும் கட்டுப்படுத்தும்.

பணமில்லை என்று ஒதுங்கிவிட வேண்டாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. தாலுகா சட்டப் பணிகள் குழுவிலோ 15100 என்ற எண்ணிலோ கேட்கலாம். அண்ணன் தம்பிச் சண்டைக்கு லோக் அதாலத் நல்ல வழி. கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். ஆனால் அங்கே ஆகும் முடிவுக்கு மேல்முறையீடு கிடையாது. அதனால் யாருக்கு எத்தனை அடி, வழி எந்தப் பக்கம் என்பதை அளவோடு வரைபடமாக இணைக்கச் சொல்லி, படித்துப் பார்த்த பிறகே கையெழுத்துப் போடுங்கள்.