திருவோடும் ஒரு நாயும்: சித்தர்களுக்கும் கிரேக்க சினிக்குகளுக்கும் என்ன ஒற்றுமை?

கோவை மருதமலைக்குப் போனவங்க பாம்பாட்டிச் சித்தர் குகையைப் பார்த்திருப்பீங்க. வீடு, சொத்து வேண்டாம்னு அலைஞ்ச சித்தர்களுக்கு கிரேக்கத்திலும் தூரத்துச் சொந்தக்காரர்கள் உண்டு: சினிக்குகள். பெயருக்குப் பொருள், 'நாய் போன்றவர்கள்'.

கி.மு. 4-ம் நூற்றாண்டு. சினோப்பை விட்டு வந்த டயோஜெனிஸ், ஏதென்ஸில் ஒரு பெரிய மண்ஜாடிக்குள் குடியிருந்தார் என்பார்கள். சிறுவன் ஒருவன் கையால் தண்ணீர் அள்ளிக் குடிப்பதைப் பார்த்ததும், தன் கோப்பையையும் தூக்கி எறிந்தாராம்.

நம்ம ஊர்க் கதை இன்னும் கடுமை. திருவிடைமருதூர் கோயில் வாசலில் திருவோடும் ஒரு நாயும் வைத்திருந்தார் பத்திரகிரியார். அதற்கே அவரை 'சம்சாரி' என்றுவிட்டார் குரு பட்டினத்தார். அங்கே நாய் என்பது பட்டப்பெயர். இங்கே நாயே சொத்துக் கணக்கில்! பத்திரகிரியார் வீசிய ஓடு பட்டு நாய் செத்ததாகச் சொல்கிறது மரபு.

பத்திரகிரியார் தேடியது முக்தி. டயோஜெனிஸோ சந்தையில் நின்று ஊரைச் சீண்டிக்கொண்டிருந்தார். ஆனா இருவருக்கும் சோறு போட்டது ஊர்தான்.