மூன்று பீப்பாய் வாற்கோதுமை

ஒஸ்லோ தேசிய அரங்கின் முன்னே நிற்கும் இப்சனின் சிலையை நாம் பலமுறை கடந்து சென்றிருக்கிறோம். அவர் 1862இல் வெளியிட்ட 'தேர்யே வீகன்' என்னும் நெடுங்கவிதை 1917இல் மௌனப்படமாக வந்ததை எம்மில் எத்தனைபேர் அறிவோம்? சுவீடனின் விக்டர் ஷோஸ்ட்ரோம் அதனை இயக்கித் தாமே தலைமைப் பாத்திரமும் ஏற்றார்.

கதை நெப்போலியன் காலத்தது. 1807இல் பிரித்தானியா கொப்பன்ஹேகனைக் குண்டுவீசித் தாக்கியதும், டென்மார்க்குடன் ஒரே முடியின் கீழிருந்த நோர்வேயும் போருக்குள் இழுபட்டது. பிரித்தானியக் கப்பல்கள் கடலை மறித்தன. வெளித்தானியத்தை நம்பியிருந்த மக்கள் மரப்பட்டையை இடித்து மாவுடன் கலந்து ரொட்டி சுட்டனர். இன்றைய செல்வச் செழிப்பைக் காண்போர் இதனை நம்புவது கடினமே!

மாலுமி தேர்யே, மனைவிக்கும் பெண்குழந்தைக்கும் உணவு தேடி, சிறுபடகில் தனியனாய்த் துடுப்பு வலித்து டென்மார்க் செல்கிறான். மூன்று பீப்பாய் வாற்கோதுமையுடன் ஊரை நெருங்குகையில் போர்க்கப்பலிடம் அகப்படுகிறான். மன்றாடியும் பயனில்லை. 1814இல் சிறைமீண்டு வந்தால், வீட்டினுள்ளே வேற்று மனிதர்! மனைவியும் மகளும் ஏழைகளின் குழியில் புதைக்கப்பட்டிருந்தனர்.

இவ்விடத்தில் எம்மவர்க்கு மொழிபெயர்ப்பு வேண்டியதில்லை. 1990களில் கிளாலிக் கடனீரேரியை இரவிற் படகேறிக் கடந்தவர்கள் எம்மிடையே உள்ளனர். மண்ணெண்ணெய், சவர்க்காரம், பற்றரி எனத் தடைப்பொருட்களின் பட்டியலை இன்றும் மனனமாய்ச் சொல்வர்.

படம் வெளியான ஆண்டில் முதலாம் உலகப்போர் நடந்துகொண்டிருந்தது. நடுநிலை வகித்த சுவீடனிலும் உணவுத் தட்டுப்பாடு. பார்த்தவர்களுக்கு அது பழங்கதையாக இருந்திராது.

பல்லாண்டுகளின்பின், புயலில் தத்தளிக்கும் ஆங்கிலப் பாய்க்கப்பலொன்றை மீட்கத் தேர்யே செல்கிறான். அதிலுள்ள பிரபு, அன்று அவனைச் சிறைப்பிடித்த அதே தலைவன். உடன் மனைவி, குழந்தை. பழிதீர்க்கும் வேளை வாய்க்கிறது; குழந்தையைக் கண்டதும் அவன் கை தளர்கிறது.

இம்முடிவை எம்மில் எல்லோரும் ஏற்பர் என்று நாம் கருதவில்லை. இரு உயிர்களைப் பட்டினிக்குப் பலியாக்கியவன் குடும்பத்தோடு நலமே வீடு திரும்புகிறான். இழந்தவனுக்கோ யாதொன்றும் மீளவில்லை. எனினும் ஷோஸ்ட்ரோமின் முகத்தைப் பார்த்தபின் அவனைக் கோழையென்று சொல்ல எமக்கு வாய் வரவில்லை.

ஒரு மணிநேரத்துக்கும் குறைந்த படம். பிள்ளைகளுடன் அமர்ந்து பாருங்கள். இடையே வரும் கவிதை வரிகளை அவர்கள் வாசித்துச் சொல்லட்டும். மூன்று பீப்பாய்த் தானியத்துக்காக ஒருவன் ஏன் கடலில் இறங்கினான் என்பதை நீங்கள் சொல்லுங்கள்.