பசந்தர் ஆற்றங்கரையில் ஓர் இரவு

நான் பட்டாளத்துக்காரன் என்று தெரிந்ததும் நம் சங்கத்துப் பிள்ளைகள் கேட்கும் முதல் கேள்வி, "தாத்தா, நீங்க எத்தனை பேரைச் சுட்டீங்க?" என்பதுதான். நான் ஒருவரையும் சுட்டதில்லை. பெங்களூரில் பயிற்சி பெற்ற மதராஸ் சாப்பர்ஸ் படையினன் நான். ராணுவத்தில் எங்களுக்குச் செல்லப்பெயர் 'தம்பி'. பாதை போடுவது, பாலம் கட்டுவது, கண்ணிவெடி அகற்றுவது எங்கள் தொழில்.

1971 டிசம்பர் 15. ஷகர்கட் பகுதியில் பசந்தர் ஆற்றங்கரை. ஊரில் மறுநாள் மார்கழிப் பிறப்பு. இங்கோ நிலவில்லாத இருட்டு, எலும்பைத் துளைக்கும் குளிர். 16-ஆவது மதராஸ் உள்ளிட்ட காலாட்படையினர் ஆற்றைத் தாண்டி அக்கரையைப் பிடித்துவிட்டார்கள். விடிந்தால் எதிரியின் டாங்கிகள் அவர்கள்மேல் பாயும். அதற்குள் நம் டாங்கிகள் போய்ச் சேர வேண்டும். நடுவே ஆயிரம் மீட்டருக்கும் மேல் கண்ணிவெடி வயல்.

முன்னால் உருளை பொருத்திய டாங்கி வெடிகளை நசுக்கிக்கொண்டு போகும். விட்டுப்போனவற்றைத் தேடுவது எங்கள் வேலை. மண்ணெங்கும் குண்டுச் சிதறல்கள் கிடந்ததால், கண்டுபிடிக்கும் கருவி தொட்டதற்கெல்லாம் கத்தியது. ஆகவே மண்டியிட்டு, பயனெட்டைச் சாய்வாகக் குத்திக் குத்திப் பார்த்தோம். நேராகக் குத்தினால் வெடித்துவிடும். பாதையின் இருபுறமும் வெள்ளை நாடா கட்டிக்கொண்டே நகர்ந்தோம். தலைக்குமேல் பீரங்கிக் குண்டுகள். "அண்ணே, நாடாவை இழுங்க" என்று எனக்குப் பின்னாலிருந்து கேட்டுக்கொண்டிருந்த வேலூர்த் தம்பியின் குரல் ஒரு வெடிச் சத்தத்துக்குப் பின் கேட்கவில்லை. திரும்பிப் பார்க்க நேரமில்லை. நாடாவை நானே இழுத்தேன்.

பாதை முடியுமுன்னே அக்கரையிலிருந்து அவசரச் செய்தி வந்தது. பூனா ஹார்ஸ் தளபதி ஹனூத் சிங் காத்திருக்கவில்லை. மீதித் தூரத்தை வெடிகளின் ஊடாகவே கடக்க டாங்கிகளுக்கு உத்தரவிட்டார். அவை பத்திரமாகக் கடந்தன. மறுநாள் அந்த ரெஜிமெண்ட்டின் 21 வயது அருண் கேத்ரபால் போரிட்டு மாண்டு பரம்வீர் சக்ரம் பெற்றார். எங்கள் மேஜர் விஜய் ரத்தன் சௌத்ரியும் 16-ஆவது மதராஸ் தளபதி வேத் பிரகாஷ் கய்யும் உயிரிழந்து மகாவீர் சக்ரம் பெற்றார்கள். 17-ஆம் தேதி இரவு 8 மணிக்குப் போர் நின்றது.

அன்று போரிட்ட 54-ஆவது காலாட்படை டிவிஷனின் தலைமையகம் இருப்பது நம் செகந்திராபாத்தில்தான். பரேடு மைதானத்தருகே வீரர் நினைவுச் சின்னமும் இருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளை அங்கே அழைத்துச் செல்லுங்கள். சுட்டவர்களை மட்டுமல்ல, இருட்டில் மண்டியிட்டு வழி திறந்தவர்களையும் அவர்கள் தெரிந்துகொள்ளட்டும்.