'செம ஸ்ட்ரெஸ் மச்சி!'... எத்தனை மெகாபாஸ்கல்?

இன்டர்னல் டெஸ்ட் வாரத்தில் எந்த ஹாஸ்டல் வராண்டாவில் காது கொடுத்தாலும் ஒரே டயலாக்தான்... 'செம ஸ்ட்ரெஸ் மச்சி!'

இதையே மெக்கானிக்கல் லேபில் போய்ச் சொன்னால், 'எத்தனை மெகாபாஸ்கல்?' என்று கேட்பார்கள். ஹார்ட் ஸ்பெஷலிஸ்ட்டிடம் சொன்னால் ட்ரெட்மில்லில் ஏற்றி ஓடவிடுவார். இங்கிலீஷ் மேடமோ, 'எந்த சிலபிள்ல?' என்பார். அக்ரி காலேஜ் பையன், 'வறட்சியா, உப்புத் தண்ணியா?' என்று வயலைப் பார்ப்பான். ஒரே வார்த்தை பாஸ், டிபார்ட்மென்ட்டுக்கு ஒரு அர்த்தம்!

இதில் ஒரு காமெடி வேற இருக்கு. வீடு கட்டுகிறவர்கள் வாங்குவது டி.எம்.டி. கம்பி. ஆஸ்பத்திரியில் இதயத்துக்கு எடுக்கிற ட்ரெட்மில் டெஸ்ட்டும் டி.எம்.டி.தான். விரிவு வேறு வேறு, ஆனால் ரெண்டுமே ஸ்ட்ரெஸ் மேட்டர்! கம்பியின் கிரேடு 'எஃப்.ஈ. 500' என்றால், சதுர மில்லிமீட்டருக்கு 500 நியூட்டன் வரைக்கும் நிரந்தரமாக நீண்டுபோகாமல் தாங்கும் என்று அர்த்தம். ட்ரெட்மில்லில் வேகத்தையும் ஏற்றத்தையும் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டி, இதயம் எந்த இடத்தில் முகம் சுளிக்கிறது என்று இ.சி.ஜி.யில் பார்க்கிறார்கள்.

எங்க ஏரியாவில் இந்த வார்த்தையைக் கறாராக வரையறுத்தவர் ஸ்காட்லாந்துக்காரர் ராங்கின், 1850-களில். வெளியிலிருந்து வருவது லோடு. அதை எதிர்த்துப் பொருளுக்குள்ளே, ஒரு சதுர அலகு பரப்பில் எழுகிற விசை ஸ்ட்ரெஸ். அதனால் பொருள் எந்த அளவுக்கு உருமாறுகிறது என்பது ஸ்ட்ரெயின். ஸ்ட்ரெஸ்ஸுக்கு யூனிட் பாஸ்கல், ஸ்ட்ரெயினுக்கு யூனிட்டே கிடையாது. வைவாவில் கண்டிப்பாகக் கேட்பார்கள், குறிச்சுக்கோங்க!

இந்த அர்த்தத்தில் ஸ்ட்ரெஸ் வில்லனே இல்லை. ரயில் தண்டவாளத்துக்குக் கீழே இருக்கிற கான்கிரீட் ஸ்லீப்பரைக் கவனித்திருக்கிறீர்களா? உறுதியான எஃகுக் கம்பிகளை முதலில் இழுத்துப் பிடித்துக்கொண்டு, அதைச் சுற்றி கான்கிரீட் போடுவார்கள். அது இறுகியதும் பிடியை விட்டுவிட்டால், கம்பி பழைய நீளத்துக்குச் சுருங்கப் பார்க்கும். கூடவே கான்கிரீட்டையும் இறுக்கும். இழுத்தால் விரிசல் விடுகிற கான்கிரீட்டுக்கு அமுக்கினால் ஆனந்தம். அதனால்தான் ரயில் மேலே ஓடியும் அது அசராமல் கிடக்கிறது. வேண்டுமென்றே முன்கூட்டி ஏற்றிய ஸ்ட்ரெஸ்!

அப்புறம் எப்படி இந்த வார்த்தை நம்ம மண்டைக்குள்ள வந்துச்சு? காரணகர்த்தா ஹான்ஸ் செலியே. 1907-ல் வியன்னாவில் பிறந்து, கனடாவின் மான்ட்ரியாலுக்குப் போன ஆராய்ச்சியாளர். எலிகளைக் குளிரில் வைத்தார், மருந்து ஏற்றினார், களைக்கக் களைக்க ஓடவிட்டார். கொடுமை எதுவானாலும் எலியின் உடம்பில் ஒரே ரியாக்‌ஷன்... அட்ரினல் சுரப்பி வீங்குகிறது, தைமஸ் சுருங்குகிறது, வயிற்றில் புண். 1936-ல் இதை 'நேச்சர்' இதழில் சின்னக் கட்டுரையாக எழுதினார். அதில் 'ஸ்ட்ரெஸ்' என்று பெயர் வைக்கவில்லை; அந்தப் பெயர் பிறகுதான் வந்தது.

வந்ததில்தான் குழப்பம். உடம்பு காட்டுகிற ரியாக்‌ஷனுக்கு அவர் 'ஸ்ட்ரெஸ்' என்று பெயர் வைத்துவிட்டார். எங்க கணக்குப்படி அது ஸ்ட்ரெயினுக்குத்தான் பக்கம். அப்போ காரணத்துக்கு என்ன பெயர்? 'ஸ்ட்ரெஸ்ஸர்' என்று புதுசாக ஒரு வார்த்தையை உருவாக்க வேண்டியதாயிற்று. 'என் இங்கிலீஷ் கொஞ்சம் நல்லா இருந்திருந்தா, ஸ்ட்ரெயினோட தந்தைன்னு பேர் வாங்கியிருப்பேன்' என்கிற ரீதியில் அவரே பின்னாளில் புலம்பியதாகச் சொல்வார்கள். அதற்குள் வார்த்தை ஊர் சுற்றக் கிளம்பியாச்சு.

சிலபிள் மேட்டருக்கு வருவோம். 'ரெக்கார்ட்' என்பதில் முதல் பாதியை அழுத்தினால் நோட்டு, இரண்டாம் பாதியை அழுத்தினால் பதிவு செய்கிற வேலை. தமிழில் எந்த எழுத்தை அழுத்திச் சொன்னாலும் வார்த்தையின் அர்த்தம் மாறாது. லாங்வேஜ் லேபில் நம்ம நாக்கு திணறுவதற்கு அதுவும் ஒரு காரணம். பேங்க்காரர்களும் விட்டுவைக்கவில்லை. நிதி நெருக்கடிக்குப் பிறகு, 2009-ல் அமெரிக்காவின் 19 பெரிய பேங்க்குகளுக்கு 'ஸ்ட்ரெஸ் டெஸ்ட்' வைத்தார்கள், ட்ரெட்மில் இல்லாமலே!

நம்ம ஆளுங்க அடிக்கடி சொல்ற இன்னொண்ணு... 'இன்னும் உடையல இல்ல, அப்ப தாங்குவான்.' சிவில், மெக்கானிக்கல் பசங்களே இதைச் சொன்னால் கோபம்தான் வருது. ஃபெட்டிக் என்று ஒரு சாப்டரே இருக்கு. 1954-ல் 'காமெட்' ஜெட் விமானங்கள் இரண்டு, ஜனவரியில் ஒன்று, ஏப்ரலில் ஒன்று, நடுவானில் சிதறின. பறந்து இறங்குகிற ஒவ்வொரு முறையும் கேபினுக்குள் காற்றழுத்தம் ஏறி இறங்கும். ஒரே தடவையில் உடைக்கக்கூடிய லோடு அது இல்லை. ஆனால் திரும்பத் திரும்ப வந்ததில், ஜன்னல் மூலை மாதிரி ஸ்ட்ரெஸ் குவிகிற இடத்தில் விரிசல் விட்டு வளர்ந்துவிட்டது. கடைசி வரை வெளியே பார்க்க விமானம் நல்லாத்தான் இருந்தது.

தமிழ் மீடியத்தில் படித்தவர்களுக்கு இந்தக் குழப்பம் பாதி கிடையாது. பிளஸ் ஒன் இயற்பியலில் ஸ்ட்ரெஸ் 'தகைவு', ஸ்ட்ரெயின் 'திரிபு', பிரஷர் 'அழுத்தம்'. ரெண்டுக்கும் யூனிட் ஒன்றுதான் என்றாலும் தகைவும் அழுத்தமும் தனித்தனி வார்த்தை. மனசுக்கு வரும்போதுதான் தமிழும் சறுக்குகிறது. ஸ்ட்ரெஸ்ஸுக்கும் 'மன அழுத்தம்', டிப்ரஷனுக்கும் பல இடங்களில் அதே 'மன அழுத்தம்'! ரெண்டும் ஒண்ணு இல்லை. எக்ஸாம் டென்ஷன் பெரும்பாலும் எக்ஸாம் முடிந்தால் இறங்கிவிடும், லோடை எடுத்த ஸ்பிரிங் மாதிரி. டிப்ரஷனுக்கு 'மனச்சோர்வு' என்று தனியாக ஒரு வார்த்தை இருக்கிறது, அதுதான் சரி. லோடே இல்லாத லீவு நாளிலும் அது இறங்காமல் இருக்கலாம். பிடித்த எதிலும் ஆர்வம் இல்லாமல், நாளெல்லாம் மனசு கனத்து, இரண்டு வாரத்துக்கு மேல் இழுத்தால் டாக்டரைப் பார்க்க வேண்டிய விஷயம். அப்படிப்பட்ட ரூம்மேட்டிடம் 'எல்லாருக்கும்தான் ஸ்ட்ரெஸ்' என்று சொல்லிவிட்டு மெஸ்ஸுக்குப் போய்விடாதீர்கள். 2022-ல் மத்திய அரசு தொடங்கிய 'டெலி மானஸ்' சேவைக்கு நம்பர் 14416. காசு கிடையாது, தமிழிலேயே பேசலாம்.