தந்தையின் வீழ்ச்சியும் மைந்தனின் வழியும்: ‘தீவார்’ திரைப்படமும் கெடாத் தோட்டச் சமுதாயமும்

முன்னுரை

குடும்பத்தையும் நிழலுலகத்தையும் ஒருசேரப் பேசும் இந்தித் திரைப்படங்களுள் குறிப்பிடத்தக்கது ‘தீவார்’. ‘சுவர்’ என்பது அச்சொல்லின் பொருளாகும். சலீம், ஜாவேத் ஆகிய இருவரும் எழுத, யஷ் சோப்ரா இயக்கிய இப்படம் 1975இல் வெளிவந்தது. 1981இல் ரஜினிகாந்த் நடிப்பில் ‘தீ’ என்னும் பெயரில் தமிழிலும் எடுக்கப்பட்டது. கடத்தல்காரனான மூத்த மகன், காவல் அதிகாரியான இளைய மகன், இருவருக்கும் இடையில் தாய் என்று இக்கதையைச் சுருக்கிக் கூறுவது வழக்கம். அவ்வாறு சுருக்கும்போது தந்தையின் கதை விடுபட்டுப் போகிறது. கெடா மாநிலத்தின் குருண் வட்டாரத் தோட்ட வரலாற்றோடு வைத்து நோக்கினால், விடுபட்ட அப்பகுதியே படத்தின் அடித்தளம் என்பது புலப்படும். அதனை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தொழிற்சங்கத்தில் தொடங்கும் கதை

‘தீவார்’ படத்தின் தந்தை குற்றவாளி அல்லர். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் தலைவர். முதலாளி தரப்பு அவருடைய குடும்பத்தைப் பணயமாகப் பிடித்து வைத்து, அவரிடம் கையொப்பம் பெறுகிறது. தொழிலாளர்கள் அவரைத் துரோகி எனத் தூற்றுகின்றனர். அவமானம் தாளாது அவர் ஊரை விட்டு அகல்கிறார். தந்தையைத் திருடன் எனப் பழிக்கும் சொற்கள் மூத்த மகன் விஜயின் கையில் பச்சை குத்தப்படுகின்றன. பிள்ளைகளுடன் பம்பாய்க்கு வரும் தாய் கட்டுமான வேலை செய்கிறாள். தம்பி படிக்க வேண்டுமென மூத்தவன் தன் படிப்பைக் கைவிட்டு உழைக்கிறான். பின்னர்த் துறைமுகச் சுமை தூக்குபவனாகி, அங்கிருந்து கடத்தல் உலகிற்குள் நுழைகிறான்.

விஜய் பாத்திரத்திற்கு ஹாஜி மஸ்தானின் வாழ்க்கை ஒரு தூண்டுதலாக அமைந்தது என்பது பரவலான கருத்து. அவர் இராமநாதபுரம் வட்டாரத்தில் பிறந்து, பம்பாய்த் துறைமுகத்தில் சுமை தூக்கிய தமிழர். நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்கில் இறங்கிய பலரைப் போலவே அவரும் பிழைப்புத் தேடிப் புலம்பெயர்ந்தவர்தாம்.

கெடாவின் தொண்டர் படை

ஜெராய் மலையின் அடிவாரத்தில், சுங்கைப் பட்டாணிக்கும் அலோர் ஸ்டாருக்கும் இடையில் அமைந்த ஊர் குருண். அதற்குத் தெற்கே உள்ள பீடோங் வட்டாரத்தில், இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஏ. எம். சாமி தலைமையில் தொண்டர் படை எழுந்தது. தோட்டத்து இளைஞர்கள் அணிவகுத்துப் பயின்றனர். கள்ளுக்கடைகளை எதிர்த்து மறியல் செய்தனர். கூலிக்காகவும் மதிப்பிற்காகவும் குரல் கொடுத்தனர். 1947இல் காவல் துறையுடன் நேர்ந்த மோதல்களில் உயிரிழப்பும் ஏற்பட்டது. 1948 ஜூன் மாதம் அவசரகாலம் பிறப்பிக்கப்பட்டபோது, தீவிரத் தொழிற்சங்கங்கள் ஒடுக்கப்பட்டன. தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் 1954இல் தோன்றியது. ஆயினும் பழைய இளைஞர் அணி மீண்டும் எழவில்லை.

இங்கு ஒன்றை நாம் ஊன்றி நோக்க வேண்டும். இளைஞனுக்கு ஓர் அணி, ஒரு தலைவர், தன்மதிப்பு ஆகிய மூன்றையும் தொண்டர் படை வழங்கியது. பிற்காலத்தில் தோட்டத் துண்டாடலாலும், பால்மரத்தின் இடத்தைச் செம்பனையும் வீடமைப்புத் திட்டங்களும் பிடித்ததாலும் பல குடும்பங்கள் தோட்டங்களை விட்டு வெளியேறின. கோயிலும் பள்ளியும் இலயமும் சேர்ந்த கட்டுக்கோப்பு தளர்ந்தது. வெற்றிடமான இடத்தில் அதே மூன்றையும் வழங்குவதாகக் குண்டர் கும்பல் முன்வந்தது.

‘ஜகாட்’ காட்டும் வீடு

இம்மாற்றத்தை மலேசியத் தமிழ்த் திரையில் நேர்மையுடன் காட்டியது, சஞ்சய் குமார் பெருமாள் இயக்கி 2015இல் திரையரங்குகளுக்கு வந்த ‘ஜகாட்’. ‘ஜஹாட்’ என்னும் மலாய்ச் சொல்லின் தமிழ் ஒலிப்பே இத்தலைப்பு. ‘கெட்டவன்’ என்பது பொருள். தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பத்துச் சிறுவன் அப்போய். மகன் படித்து முன்னேற வேண்டுமெனக் கண்டிப்பையே வழியாகக் கொள்கிறார் தந்தை. சிற்றப்பன்மாருள் ஒருவர் குண்டர் கும்பலைச் சார்ந்தவர். மற்றொருவர் போதைப்பொருளால் சீரழிந்தவர். விஜயின் கையில் எழுதப்பட்ட பழியும், அப்போய் மீது சுமத்தப்படும் ‘ஜகாட்’ என்னும் பெயரும் ஒரே வேலையைச் செய்கின்றன. சிறுவனைப் பற்றிய தீர்ப்பு, அவன் குற்றம் இழைக்கும் முன்னரே எழுதப்பட்டு விடுகிறது.

ஒரு மறுப்பு

வறுமையே குற்றத்திற்குக் காரணமாயின், அதே வீட்டில் வளர்ந்த இளையவன் காவல் அதிகாரியானது எவ்வாறு என்று வினவலாம். இவ்வினா நியாயமானதே. தோட்டத்தை விட்டு வந்தவர்களுள் மிகப் பெரும்பாலோர் ஆலைத் தொழிலாளராக, ஓட்டுநராக, ஆசிரியராக நேர்மையாக வாழ்கின்றனர். 1990களில் குருணில் மோட்டார் சைக்கிள் ஆலை எழுந்ததும் இவ்வட்டாரத்தில் வேலையின் தன்மை மாறியதற்கு ஒரு சான்று. எனினும் படமே அவ்வினாவிற்கு விடை தருகிறது. இளையவனுக்குப் பள்ளி கிடைத்தது, மூத்தவனுக்குக் கிடைக்கவில்லை. சகோதரர்களுக்கு இடையிலான சுவர் அங்கேதான் எழத் தொடங்குகிறது.

முடிவுரை

2013 ஆகஸ்டில் மலேசிய உள்துறை அமைச்சு 49 குண்டர் கும்பல்களின் பெயர்களை வெளியிட்டது. ஏறத்தாழ 40,000 உறுப்பினருள் பத்தில் எழுவர் இந்தியர் என அது கூறியது. நாட்டு மக்கள்தொகையில் பத்தில் ஒரு பங்கினும் குறைவான சமுதாயத்திற்கு இது கவலை தரும் கணக்காகும். இக்கணக்கைக் கண்டு திரைப்படங்களைப் பழிப்பது எளிது. படத்தின் இறுதியில் வரும் துப்பாக்கியைப் பற்றி மட்டும் மாணவரிடம் பேசுவதும் எளிது. தமிழாசிரியராகிய நாம் படத்தின் தொடக்கத்திலிருந்து பேச வேண்டும். மதிப்பிழந்த தந்தை, படிப்பை விட்ட மூத்த பிள்ளை, அவன் கையில் பிறர் எழுதிய எழுத்து ஆகியவற்றை மாணவர் காணச் செய்தல் வேண்டும். கடைசி வரிசையில் அமர்ந்திருக்கும் பிள்ளைக்கு நாம் சூட்டும் பெயரும் அத்தகைய எழுத்தே என்பதை நாமும் மறத்தலாகாது.